நெத்தலி வயிற்றில் நீல நூல்: பிள்ளைக்கு மீன் கொடுக்கலாமா?

அம்பாறை மாவட்டக் கரையோரத்திலிருந்து ஒரு தங்கச்சி எழுதியிருக்கிறார். பேரும் ஊரும் போட வேண்டாம் என்கிறார், சரி. கணவர் கரைவலைத் தொழில். மாமி வாடிக்குப் பக்கத்திலேயே நெத்தலியும் கூனியும் காயவைத்து விற்கிறவர். நான்கு வயதில் ஒரு மகன், இப்போது வயிற்றில் ஐந்து மாதம். போன மாதம் நெத்தலி ஆய்ந்துகொண்டிருந்தபோது ஒன்றின் வயிற்றுக்குள் நீல நூல் ஒன்று கிடந்திருக்கிறது. அதற்குச் சில நாள் முன்புதான் வட்ஸ்அப்பில் ஒரு வீடியோ பார்த்திருக்கிறார்: ஒவ்வொரு மனிதனும் கிழமைக்கு ஒரு வங்கி அட்டை அளவு பிளாஸ்டிக் தின்கிறானாம், மீன் குஞ்சுகள் நல்ல இரையை விட்டுவிட்டுப் பிளாஸ்டிக்கையே தேடித் தின்கின்றனவாம். அன்றிலிருந்து மகனுக்கு மீன் இல்லை, தானும் தொடுவதில்லை, சோயா மீற்றும் முட்டையும்தான். "கடல் சோறு போடுற வீட்டுல மீனை நஞ்சு எண்டு சொல்லாத" என்று மாமி முகம் கொடுத்துப் பேசுவதில்லை. கணவரோ பிடி குறைந்ததற்கும் கரையில் ஒதுங்கும் வெள்ளை உருண்டைகளுக்கும் கொழும்புக் கடலில் தாண்ட கப்பல்தான் காரணம், நமக்கும் நஷ்டஈடு வர வேண்டும் என்கிறார். கரை சுத்தமாக இருக்கட்டும் என்று கிழிந்த வலைகளை அவரே கூட்டி எரிக்கிறாராம். இதற்கு நடுவில் கொழும்பிலிருந்து கருவாடு வாங்கும் ஒருவர் "உங்கட நெத்தலியில பிளாஸ்டிக் இருக்கா?" என்று மாமியிடம் கேட்டுவிட்டார்.

தங்கச்சி, அவசரமானதை முதலில் சொல்லிவிடுகிறேன். மகனுக்கு மீன் கொடுங்கள், நீங்களும் சாப்பிடுங்கள், இன்று மத்தியானமே தொடங்கினாலும் சரி. மிச்சத்தை ஆறுதலாக வாசிக்கலாம்.

நான் டொக்டர் இல்லை, கடல் உயிரினங்களைப் படித்து அதையே தொழிலாகச் செய்கிறவன். உங்கள் உடம்பு, இரும்புச்சத்துக் குளிசை, எடை இதெல்லாம் கிளினிக்கில் உங்கள் மருத்துவமாதுவிடம் கேட்க வேண்டியவை. மீனை நிறுத்தியதையும் அவரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். மீனுக்குள்ளே என்ன இருக்கிறது, அதனால் மீனுக்கு என்ன, உங்களுக்கு என்ன என்பதுதான் என் பக்கம்.

வீடியோவில் வந்த கணக்கு

வங்கி அட்டைக் கதை 2019இல் வந்தது. கிழமைக்கு 5 கிராம் வரை என்று ஓர் உத்தேசக் கணக்கு, உலகம் முழுக்கப் பரவியது. பின்னர் 2021இல் வேறு ஆய்வாளர்கள் துணிக்கைகளின் உண்மையான பருமனையும் எடையையும் வைத்துக் கணக்கிட்டபோது கிராம் எல்லாம் இல்லை, கிழமைக்குச் சில மைக்ரோகிராம்தான் வந்தது. ஒரு கிராமைப் பத்து இலட்சமாகப் பிரித்தால் அதில் ஒன்றுதான் மைக்ரோகிராம். ஆனால் இரண்டாவது கணக்கை யாரும் உங்களுக்கு ஃபோர்வேர்ட் பண்ணியிருக்க மாட்டார்கள்.

மீனை மட்டும் எடுத்தால், ஐ.நா. உணவு விவசாய நிறுவனம் 2017இல் மிக மோசமான நிலையை வைத்தே ஒரு மதிப்பீடு செய்தது. மட்டியைக் குடலோடு முழுதாகத் தின்கிறோம், நெத்தலி மாதிரியே. அப்படி 225 கிராம் மட்டிச் சதை தின்றால் உள்ளே போகும் பிளாஸ்டிக் 7 மைக்ரோகிராம் அளவு. கடல் உணவிலிருந்தே 5 கிராம் சேர வேண்டுமென்றால் அந்த மாதிரி ஏழு இலட்சம் தட்டுக்கு மேல் தின்ன வேண்டும்.

இன்னொன்று, இது எனக்கு மிகவும் பிடித்த ஆய்வு. 2018இல் ஸ்கொட்லாந்துக்காரர்கள் சாப்பாட்டு நேரத்தில் மட்டித் தட்டுக்குப் பக்கத்தில் ஒட்டும் தாளை வைத்து, வீட்டுத் தூசியிலிருந்து எத்தனை நார் விழுகிறது என்று எண்ணினார்கள். மட்டியிலிருந்து ஒருவருக்கு வருடத்துக்கு நூற்றுச் சொச்சம் துணிக்கை, சாப்பிடும்போது தட்டில் விழும் தூசியிலிருந்து பதின்மூவாயிரத்துக்கு மேல். திரைச்சீலை, நைலோன் பாய், பொலியெஸ்டர் சட்டை எல்லாம் உதிர்க்கிற நார். மீனுக்குப் பதில் நீங்கள் மகனுக்குக் கொடுக்கும் சோயா மீற்றிலும் அந்தத் தூசி விழத்தான் செய்யும்.

மீன் குஞ்சுகள் பிளாஸ்டிக்கைத் தேடித் தின்னும் கதை இன்னும் மோசம். சுவீடனில் 2016இல் வெளியான அந்தக் கட்டுரை 2017இலேயே திரும்பப் பெறப்பட்டது. ஆய்வில் ஒழுங்கீனம் இருந்தது என்று விசாரணையில் முடிவானது. கட்டுரை போய்விட்டது, வீடியோக்கள் போகவில்லை.

இதனால் பிளாஸ்டிக் மனிதருக்கு ஒன்றும் செய்யாது என்று நான் சொன்னதாக எடுக்கக் கூடாது. இத்தாலியில் ஆறு பெண்களின் நஞ்சுக்கொடியைச் சோதித்ததில் நான்கில் நுண்பிளாஸ்டிக் கண்டார்கள், அது 2021. கழுத்து நாடியில் படிந்த கொழுப்புக்குள் பிளாஸ்டிக் இருந்தவர்களுக்கு மாரடைப்பும் பக்கவாதமும் கூடுதலாக வந்ததாக 2024இல் ஓர் ஆய்வு சொன்னது. இரண்டும் கவனிக்க வேண்டியவை. ஆனால் பிளாஸ்டிக்தான் காரணம் என்று அவை நிறுவவில்லை, அது மீனிலிருந்து வந்தது என்றும் சொல்லவில்லை. மீனை நிறுத்துவதால் உங்கள் வயிற்றுப் பிள்ளை இழப்பதோ நன்றாகத் தெரிந்தது: மூளைக்கும் கண்ணுக்கும் வேண்டிய கொழுப்பு, அயடீன், பி12, நெத்தலியை முள்ளோடு தின்றால் கல்சியம். கர்ப்பத்தில் மீன் விஷயமாக உண்மையிலேயே ஒதுக்க வேண்டியது ஒன்று இருக்கிறது, அது பெரிய சுறா, வாள்மீன் மாதிரி பெரிதை வேட்டையாடித் தின்னும் மீன்களில் சேரும் பாதரசம். நெத்தலி, சூடை, கீரி மாதிரிச் சின்ன மீனில் அது மிகக் குறைவு. மாமிக்கு இதைச் சொல்லுங்கள், கொஞ்சம் முகம் மலரும்.

நீங்கள் கண்ட அந்த நூல்

5 மில்லிமீற்றரை விடச் சிறியதைத்தான் நுண்பிளாஸ்டிக் என்கிறோம். பெரும்பாலானது கண்ணுக்கே தெரியாது. கண்ணில் பட்ட நூல் பிளாஸ்டிக்தானா என்றும் பார்க்க வேண்டும், சில கடற்பாசி இழைகளும் பார்வைக்கு அப்படித்தான் இருக்கும். ஆய்வுகூடத்தில் நாங்களும் செய்யும் ஒரு சின்ன வேலை: தையல் ஊசியைச் சிவக்கச் சூடாக்கி நூலின் நுனிக்குக் கிட்டக் கொண்டுபோவது. பிளாஸ்டிக் என்றால் நுனி சுருண்டு உருகும், பாசி என்றால் கருகும். கணவரைச் செய்யச் சொல்லுங்கள். நீங்கள் எழுதியிருக்கும் நிறத்தை வைத்துப் பார்த்தால் எனக்கென்னவோ வலைக் கயிறு மாதிரித்தான் படுகிறது. நீலம் எங்கிருந்து வரும் என்று கரையில் நின்று ஒரு தடவை சுற்றிப் பார்த்தாலே போதும்.

நெத்தலியின் தலையையும் குடலையும் கிள்ளி எடுத்துவிட்டுக் கழுவினால் உள்ளே இருந்ததில் பெரும்பகுதி போய்விடும், ஏனென்றால் மீன் விழுங்கும் பிளாஸ்டிக் தங்குவது அநேகமாகக் குடலில்தான், சதையில் மிகக் கொஞ்சம். கூனியில் அப்படிக் கிள்ள முடியாது, அதனால் அதை மட்டும் கிழமைக்கு ஒரு தடவை சம்பலுக்கு என்று வைத்துக்கொள்ளுங்கள். அது என் மன ஆறுதலுக்குச் சொல்வது, கட்டாயம் இல்லை.

மீனுக்கு நடப்பது

உங்கள் கடிதம் முழுக்க மீன் நமக்கு என்ன செய்யும் என்றே இருக்கிறது. பிளாஸ்டிக் மீனுக்கு என்ன செய்யும் என்று ஒரு வரி கூட இல்லை. உங்கள் வீட்டுச் சோறு அந்தக் கேள்வியில்தான் இருக்கிறது, அதனால் இதைக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன்.

நெத்தலி வாயைத் திறந்தபடி நீந்தி, தண்ணீரில் மிதக்கும் சின்ன உயிர்களை வடித்துத் தின்கிறது. அதற்கு இரையைக் காட்டிக்கொடுப்பதில் மணத்துக்கும் பங்கு உண்டு. கடலில் கொஞ்ச நாள் கிடந்த பிளாஸ்டிக்கில் பாசியும் கிருமியும் வழவழப்பாகப் படிந்துவிடும், அப்போது அது இரை மாதிரி மணக்கும். கலிபோர்னியாவில் 2017இல் நெத்தலிக் கூட்டமொன்று இருந்த தொட்டிக்குள் வெறும் பிளாஸ்டிக் ஊறிய நீரை விட்டார்கள், ஒன்றும் நடக்கவில்லை. கடலில் கிடந்த பிளாஸ்டிக் ஊறிய நீரை விட்டதும் கூட்டம் இரை வந்ததுபோல நெருங்கித் திரண்டது. தண்ணீரில் ஒரு துண்டு பிளாஸ்டிக் கூட இல்லை, மணம் மட்டும்தான். அந்த வீடியோக்காரர் சொல்ல வந்தது இதைத்தானோ என்னவோ.

விழுங்கிய பிறகு பெரும்பாலும் அது கழிவோடு வெளியே போய்விடும், மீன் உடனே செத்து மிதப்பதில்லை. அதனால்தான் இந்தச் சேதம் கண்ணில் படுவதில்லை. வயிற்றில் சத்தில்லாத பொருள் இடத்தைப் பிடிக்கிறது, மீன் குறைவாகத் தின்கிறது, வளர்ச்சிக்கும் முட்டைக்கும் போக வேண்டிய சக்தி குறைகிறது. நெத்தலி தின்னும் மிதவை உயிர்களில் ஒரு வகைக்குப் பிளாஸ்டிக் துணிக்கை கலந்து இரை கொடுத்துப் பார்த்தபோது அவை குறைவாகத் தின்றன, இட்ட முட்டைகள் சிறுத்தன, பொரித்ததும் குறைந்தது. சிப்பிகளை இரண்டு மாதம் நுண்பிளாஸ்டிக் கலந்த நீரில் வைத்த பிரெஞ்சு ஆய்வில் முட்டை எண்ணிக்கை 38 சதவீதமும் குஞ்சுகள் 41 சதவீதமும் குறைந்தன. இந்த மாதிரி ஆய்வுகூடச் சோதனைகளில் பலவற்றில் திறந்த கடலில் இருப்பதை விட அதிக செறிவு பாவிக்கப்படுகிறது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் நானும் வட்ஸ்அப் வீடியோ ஆகிவிடுவேன்.

நார்தான் பொல்லாதது. ஸ்கொட்லாந்துக் கரையில் சேற்றில் வாழும் ஒரு சிங்க இறால் இனத்தைப் பிடித்துப் பார்த்தார்கள், நூற்றுக்கு எண்பத்து மூன்றின் வயிற்றில் பிளாஸ்டிக், பல வயிறுகளில் நைலோன் நார் சிக்குண்டு பந்தாகக் கிடந்தது. அந்தப் பந்து இலகுவில் வெளியே வராது. அப்படி நார் தின்ன வைத்து வளர்த்தவை பல மாதம் போனதும் மெலிந்தன. நண்டு இன்னொரு விதம், அது வாயால் மட்டும் எடுப்பதில்லை, மூச்சு விடும் பூவாலும் உள்ளே இழுக்கிறது. அப்படிப் போனது மூன்று கிழமை வரை பூவிலேயே தங்கியிருந்ததைக் கண்டிருக்கிறார்கள். சேற்றிலே வாழ்கிறவை இவை, பிளாஸ்டிக்கும் கடைசியில் வந்து அடங்கும் இடம் சேறுதான்.

இப்போது மட்டக்களப்பு வாவியை நினைத்துப் பாருங்கள். ஐம்பது கிலோமீற்றருக்கு மேல் நீளம், இரண்டு கரையிலும் ஊர்கள், சந்தைகள், கான்கள். கோடை முழுக்க முகத்துவாரம் மணலால் மூடிக் கிடக்கும்போது வந்த குப்பை எல்லாம் வாவிக்குள்ளேயே அலைந்து வெயிலில் நொறுங்குகிறது, கண்டல் வேர்களுக்குள் அடைகிறது. மாரி மழைக்கு முகத்துவாரம் உடைந்ததும் மொத்தமாகக் கடலுக்கு வருகிறது. அதே நேரம் வாடைக்காற்றோடு வங்காள விரிகுடாவின் நீரோட்டமும் தெற்கே இறங்கி நம் கரையோரமாகப் போகிறது, பிறத்தியார் குப்பையையும் சுமந்துகொண்டு. இறாலும் கொடுவாவும் குஞ்சாக வளர்வது இந்த வாவியில்தான்.

பிடி குறைந்ததும் கப்பலும்

கணவரோடு இதில் எனக்கு உடன்பாடு இல்லை. மேலே சொன்ன சேதம் எல்லாம் உண்மை, ஆனால் நம் கரையில் பிடி குறைந்ததற்கு நுண்பிளாஸ்டிக்கே காரணம் என்று காட்ட இன்றைக்கு ஆதாரம் இல்லை. தடைசெய்யப்பட்ட தங்கூசி வலை (ஒற்றை இழை நைலோன் வலை), வெளிச்சம் பாய்ச்சிப் பிடிப்பது, சுருக்கு வலை, கரைவலை மடியில் குஞ்சு மீன்களை அள்ளுவது என்று நேரடியான காரணங்கள் இருக்கும்போது, கண்ணுக்குத் தெரியாத ஒன்றின் தலையில் எல்லாவற்றையும் போட்டால் கடைசியில் ஒன்றையும் திருத்த மாட்டோம். ஏற்கெனவே அடிபட்டுக் கிடக்கும் மீன் வளத்தின் மேல் பிளாஸ்டிக் இன்னொரு சுமை, அவ்வளவுதான் சொல்லலாம், அதுவே போதிய கவலை.

கணவர் சொல்லும் அந்த எக்ஸ்பிரஸ் பேர்ள் கப்பல் 2021 மே 20இல் தீப்பிடித்து ஜூன் 2இல் தாழத் தொடங்கியது. அதிலிருந்த பிளாஸ்டிக் மணிகள் மட்டும் 1,680 டன் அளவு. மேற்குக் கரையில் மீன்பிடி தடுக்கப்பட்டு, தொழில் இழந்தவர்களுக்கு இடைக்கால நஷ்டஈடு கொடுத்தார்கள். 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் கப்பல் தரப்பு 100 கோடி டொலர் கட்ட வேண்டும் என்று தீர்ப்பளித்தது. இவை உண்மை. ஆனால் அம்பாறைக் கரையிலிருந்து ஒருவர் கேட்பதென்றால், தன் கரைக்கு வந்தது அந்தக் கப்பலின் மணிதான், அதனால்தான் தனக்கு இன்ன நட்டம் என்று காட்ட வேண்டும். வெறும் ஊகத்தை வைத்துச் சம்மாட்டிமார் பேச்சைக் கேட்டு யாருக்காவது "ஃபோர்ம் நிரப்பக் காசு" கொடுத்துவிடாதீர்கள்.

கரையில் ஒதுங்கும் அந்த வெள்ளை உருண்டையையும் முதலில் சோதியுங்கள். நகத்தால் அழுத்தினால் நசுங்கினால் அது ரெஜிபோம், மீன் பெட்டி உடைந்து வருவது, நம்முடையது. அழுத்தினால் நசுங்காமல் பருப்பு மாதிரி வழவழப்பாகக் கெட்டியாக இருந்தால் தொழிற்சாலைக்குப் போகும் மூல மணி. அதுவும் அந்தக் கப்பலுடையது என்று எழுதி ஒட்டியிருக்காது. 2025 மேயில் கேரளக் கடலில் தாண்ட கப்பலின் மணிகள் மன்னார்ப் பக்கம் வந்து ஒதுங்கின, ஆக மணி எங்கிருந்தும் வரலாம்.

கெட்டி மணி நிறைய ஒதுங்கினால் செய்ய வேண்டியது இது. இடமும் திகதியும் தெரியப் படம் எடுங்கள், ஒரு கண்ணாடிப் போத்தலில் கொஞ்சம் எடுத்து வையுங்கள், பிள்ளையை வைத்துப் பொறுக்க விடாதீர்கள், ஏனென்றால் அந்த மணிகள் கடல் நீரிலுள்ள பழைய பூச்சிமருந்து, எண்ணெய் நஞ்சுகளை இழுத்து வைத்திருக்கும். கடற்றொழில் பரிசோதகருக்கும் கடல்சார் சூழல் பாதுகாப்பு அதிகார சபைக்கும் எழுத்தில் அறிவியுங்கள், தனி ஆளாக அல்ல, கடற்றொழிலாளர் சங்கத்தின் பெயரில். 2008ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கக் கடல் மாசு தடுப்புச் சட்டத்தின் கீழ் அது அந்த அதிகார சபையின் வேலை. பதில் வராவிட்டால் 2016ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் என்ன நடவடிக்கை என்று கேட்கலாம். அதோடு கணவர் இன்றிலிருந்தே ஒரு கொப்பியில் அன்றன்று பிடித்த மீன், கிலோ, விலை, மடியில் வந்த குப்பை என்று எழுதி வைக்கட்டும். நாளைக்கு எந்தக் கப்பல் தாண்டாலும் கையில் இருக்கும் ஒரே சாட்சி அந்தக் கொப்பிதான்.

வலையை எரிப்பதும் மாமியின் விரிப்பும்

எரிப்பதை உடனே நிறுத்தச் சொல்லுங்கள். இதில் நான் மென்மையாகப் பேச முடியாது. நைலோன் எரிந்தால் வரும் புகையில் சயனைட் வாயு இருக்கும், ஐந்து மாதக் கர்ப்பத்தோடு அந்தப் பக்கம் போகவே கூடாது. பிளாஸ்டிக்கைத் திறந்தவெளியில் எரிப்பது 2017 முதல் நம் நாட்டில் தடை வேறு. வலை முழுதாக எரிவதும் இல்லை, உருகி மணலோடு கட்டியாகிறது, அடுத்த மாரி அலை அதை அரைத்துத் திரும்பக் கடலுக்கே கொடுக்கிறது. பழைய வலையை வாடியில் ஒரு மூலையில் சாக்கில் கட்டி வைத்து, சங்கம் மூலமாகப் பிரதேச சபை வண்டியில் ஏற்றிவிடுங்கள். தோட்டக்காரர்கள் வேலிக்கும் பந்தலுக்கும் கேட்டு வாங்குவார்கள், ஆனால் அதுவும் வெயிலில் உதிரும், தற்காலிகம்தான். வலை பொத்தும்போது வெட்டி எறியும் துண்டு நூல்களை ஒரு வாளியில் போடும் பழக்கம் வந்தாலே நெத்தலி வயிற்றுக்குப் போகும் நீல நூல் எவ்வளவோ குறையும்.

அப்புறம், மாமி நெத்தலியை எதில் காயவைக்கிறார் என்று நீங்கள் எழுதவில்லை. நம் பக்கத்து வாடிகளில் அநேகமாக நீலத் தறப்பாள், உரப்பை, பழைய வலை. வெயிலில் கிடந்த தறப்பாளில் விரலை வைத்து ஒரு தடவை உரசிப் பாருங்கள், விரல் நுனியில் நீலத் தூள் ஒட்டும். ஈர மீன் அதிலே ஒரு பகல் முழுக்கக் கிடந்து புரண்டால் அந்தத் தூள் எங்கே போகும்? கடலில் மீன் விழுங்கியதை விட, கரைக்கு வந்த பிறகு நாம் பூசுவது அதிகமாக இருந்தாலும் ஆச்சரியப்பட மாட்டேன். கம்பு நட்டு இடுப்பளவு உயரத்தில் பரண் கட்டி, மேலே பன்பாயோ கிடுகோ விரித்துக் காயப்போடச் சொல்லுங்கள். மணலும் ஒட்டாது, நாயும் வராது, காற்று அடியாலும் போவதால் கெதியில் காயும். பொதி செய்வதற்குச் சொப்பிங் பேக்குக்குப் பதில் கடதாசிப் பை.

கொழும்புக்காரருக்கு மாமி பொய் சொல்ல வேண்டியதில்லை. "கடல்ல இப்ப எல்லா மீன்லயும் கொஞ்சம் இருக்கும், நாங்க தலையும் குடலும் எடுத்துப் பாயில காயவைக்கிறம்" என்று சொல்லலாம், பாய் வாங்கிய பிறகு. தலை, குடல் எடுத்த நெத்தலிக்குக் கிலோவுக்கு விலையும் கொஞ்சம் கூட்டிக் கேட்கலாம், ஆய்கிற கூலி இருக்கிறதே.